பதினொண்ணுக்கு அப்புறம் பதினாலு

…இல்லக்கா, உள்ள போக முடியாது. ஐயோ, கோவிச்சுக்காதீங்க ரபியாக்கா, உங்களுக்குன்னு வச்ச சட்டம் இல்ல இது. கவர்னர் துரையே வந்தாலும் இந்த வாசப்படியிலதான் நிக்கணும். கதவுல எழுதி ஒட்டியிருக்கேனே, பாக்கலையா? "பால் நேரம் தவிர மற்ற நேரத்தில் உள்ளே வரக் கூடாது." கீழ என் கையெழுத்து. குணவதி. இப்ப மணி என்ன? பன்னெண்டரை. அடுத்த பால் ரெண்டு மணிக்கு. அதுவரைக்கும் நானும் போக மாட்டேன், நீங்களும் போகக் கூடாது. அண்ணி உள்ளதான் இருக்காங்க, ஆனா புள்ளையத் தொட மாட்டாங்க. தொட்டா எனக்குத் தெரிஞ்சிடும்னு அவங்களுக்குத் தெரியும்.

உக்காருங்க. அந்தச் சட்டிய இப்படி மேசை மேல வைங்க. என்னது, சுறாப்புட்டா? அதான் மாடிப்படி ஏறும்போதே மணந்துச்சு. அண்ணிக்குப் பால் ஊறட்டும்னு செஞ்சீங்களாக்கும். ஊறட்டும். நல்லா ஊறட்டும். நான் வேணாங்கல. ஆனா ஊறுறது பெருசில்லக்கா, நேரம்தான் பெருசு. இதைத்தான் இந்த வீட்டுல ஒருத்தருக்கும் புரிய வைக்க முடியல. ஆறு, பத்து, ரெண்டு, ஆறு, பத்து. நாளைக்கு அஞ்சே அஞ்சு தடவை, ஒவ்வொரு தடவையும் பத்து நிமிஷம். ராத்திரி பத்து அடிச்சா காலையில ஆறு வரைக்கும் கெடையாது. எவ்வளவு சுலபம்! இதைச் சொன்னா எங்கண்ணன் என்னைய ஜெயில் வார்டரப் பாக்குற மாதிரி பாக்குறான்.

தெரியும், தெரியும், நீங்க என்ன கேக்க வந்தீங்கன்னு. "புள்ள மஞ்சளா இருக்கானாமே"ன்னுதானே? யாரு சொன்னா? எதிர் வீட்டுத் தில்லையம்பலம் ஐயாதானே? நெனச்சேன். அவரு கவர்மெண்டு ஆபீஸ்ல பெரிய குமாஸ்தாவா இருக்கலாம், அதுக்காகப் பச்சப்புள்ள விஷயத்துலயும் உத்தரவு போடலாமா? நேத்துக் காலையில வந்து இதே நாற்காலியில உக்காந்துக்கிட்டு, யாழ்ப்பாணத்துப் பேச்சுல இழுத்து இழுத்து, "பிள்ளைக்கு வெயில் காணாது தங்கச்சி, காலமை கொஞ்சம் வெளியில கொண்டு வந்து காட்டுங்கோ"ங்கிறாரு. நான் விடுவேனா? "ஐயா, நீங்க பத்து வருஷமா தினமும் வெயில்ல டிராமுக்கு நிக்கிறீங்களே, உங்களுக்கு வெயில் என்னத்தக் கழுவிவிட்டுச்சு, சொல்லுங்க"ன்னு கேட்டேன். சிரிச்சாரு. "ஓம் ஓம்"னாரு. அப்புறம் ஆபீசுக்கு நேரமாச்சுன்னு எந்திரிச்சுப் போயிட்டாரு. நேத்து ஆபீஸ் லீவுக்கா! குடையக்கூட மறந்துட்டுப் போயிட்டாரு பாவம். அந்தா மூலையில சாஞ்சிருக்கே, அதுதான்.

இந்த வீட்டுக்கு வர்றவங்க எல்லாம் எதையாவது மறந்துட்டுப் போறாங்க, ஏன்னு தெரியல. பிரசவம் பாத்த உங்க பீடான் இருக்காங்களே, எண்ணெய்க் குப்பிய விட்டுட்டுப் போயிட்டாங்க. ஜன்னல்ல இருக்கு பாருங்க.

ஆமா, உங்க பீடான். நீங்கதானே அனுப்பி வச்சீங்க? உங்க அஞ்சு புள்ளைக்கும் அந்த மலாய்க்காரம்மாதான் பிரசவம் பாத்தாங்கன்னு சொன்னீங்க. பிரசவம் நல்லாத்தான் பாத்தாங்க, அதை நான் ஒத்துக்கிறேன். நியாயம்னா நியாயம். போன ஞாயித்துக்கிழமை, மாதா கோயில் மணி அடிக்கிற நேரம், ஒரு கஷ்டம் இல்லாம புள்ள வெளிய வந்துட்டான். அண்ணி கையப் புடிச்சுக்கிட்டு அந்தம்மா ஏதோ பாட்டுக்கூடப் பாடினாங்க. அது வரைக்கும் சரி. அதுக்கப்புறம்தான் எனக்கும் அவங்களுக்கும் ஆரம்பிச்சுது.

செவ்வாக்கிழமை காலையில நான்தான் முதல்ல பாத்தேன். மூக்கு நுனி லேசா மஞ்சள். "இது என்ன?"ன்னு கேட்டேன். அந்தம்மா விரலால மூக்க அழுத்திப் பாத்துட்டு, "தாப்பாலா"ங்கிறாங்க. பரவாயில்லையாம்! எதக் கேட்டாலும் தாப்பாலா. கண்ணு மஞ்சளாவுதே? தாப்பாலா. முகம் மஞ்சளாவுதே? தாப்பாலா, பால் குடு, குடுத்துக்கிட்டே இரு, கழிஞ்சு போயிடும். சரி, எத்தனை மணிக்கு ஒரு தடவை குடுக்கணும்? இது ஒரு நியாயமான கேள்விதானேக்கா? ஒரு காரியத்தைச் செய்யச் சொன்னா எப்பச் செய்யணும்னு சொல்ல வேணாமா? அதுக்கு அந்தம்மா வாய்ல வெத்தலைய அடக்கிக்கிட்டு என்ன கேட்டாங்க தெரியுமா? "அவன் வயித்துல மணியா தொங்குது?"

அண்ணி சிரிச்சுட்டாங்க. அடிவயிறு வலிக்குது வலிக்குதுன்னு சொல்லிக்கிட்டே சிரிக்கிறாங்க! அண்ணன் வாசல்ல நின்னு சிரிக்கிறான். எனக்கு எப்படி இருக்கும்? நான் கேக்குறேன், அது பதிலா? அது கேலி. கேலி வேற, வாதம் வேற. எங்க காலேஜ் வாத சங்கத்துல இப்படி ஒரு பதிலச் சொன்னா, தலைவி மணியடிச்சு உக்கார வச்சிடுவாங்க. "ஆதாரம் காட்டுங்க"ன்னேன். "நான் நூத்துக்கணக்குல புள்ளைங்களப் பாத்தவ"ன்னாங்க. "பாத்தது ஆதாரம் ஆகாது, எழுதினதக் காட்டுங்க"ன்னேன். அவங்களுக்கு எழுதத் தெரியாதாம். அப்புறம் எப்படிக்கா? புதன்கிழமை காலையில மரியாதையாக் கும்பிட்டு, "இனிமே நான் பாத்துக்கிறேன்"னு அனுப்பிட்டேன். போகும்போதும் கோவிச்சுக்கல, அதான் எனக்கு இன்னும் எரிச்சல். என் தாடையப் புடிச்சு ஆட்டிட்டுப் போறாங்க, நான் என்னமோ அவங்க பேத்தி மாதிரி!

என்கிட்ட எழுதினது இருக்கு. அதான் வித்தியாசம். இந்தாங்க, இந்தப் புஸ்தகம். கையில வாங்கிப் பாருங்க, பயப்படாதீங்க, கடிக்காது. லண்டன்ல அச்சடிச்சது. தாய்மாருக்கான கைப்புஸ்தகம். மதராஸ் காலேஜ்ல எஃப்.ஏ. ரெண்டாம் வருஷத்துல, வாதப் போட்டியில எனக்குக் குடுத்த முதல் பரிசு. தலைப்பு என்னன்னு கேளுங்க. "பெண்களுக்குச் சுயபுத்தி உண்டா இல்லையா?" நான் உண்டுன்னு பேசினேன். எதிர்ப்பக்கம் பேசினவ கடைசியில அழுதுட்டா. அதுக்குக் குடுத்தாங்க… தாய்மாருக்கான கைப்புஸ்தகம்! ஆம்பளப் பசங்களுக்குச் சரித்திரப் புஸ்தகம் குடுக்குறாங்க, எங்களுக்கு இது. அது ஒரு தனி அநியாயம், அதை இன்னொரு நாளைக்குச் சொல்றேன். அந்தக் கோவத்துல ரெண்டு வருஷமா நான் பிரிச்சே பாக்கல. எங்கண்ணிக்குப் புள்ள பொறக்கப் போவுதுன்னு தெரிஞ்சதும்தான் பெட்டியில போட்டு எடுத்துட்டு வந்தேன்.

அதுவும் என்ன பாடு பட்டுச்சுங்கிறீங்க! நாகப்பட்டினத்துல கப்பல் ஏறினதுலருந்து ஒரே மழை, ஒரே அலை. டெக்கு டிக்கெட்டு. பெட்டிக்குள்ள தண்ணி பூந்து புஸ்தகம் முதுகு பிஞ்சு, அட்டை வேற தாள் வேற ஆயிப்போச்சு. ஞாபகம் இருக்கா, வந்த ரெண்டாம் நாள் உங்க வீட்டுக்கு ஓடி வந்து பசை கேட்டேனே? நீங்க கடைக்குத் தாள் பை ஒட்டிக்கிட்டு இருந்தீங்க. ஜாலான் புசார் ரோட்டுல பாதிப் பேரு வீட்டுக்கு மல்லியும் மொளகாயும் உங்க கையால ஒட்டின பையிலதானே போவுது! மயில்துத்தம் போட்டுக் காய்ச்சின பசை, பூச்சி அரிக்காதுன்னு ஒரு கொட்டாங்கச்சி நெறையக் குடுத்தீங்க. "தங்கச்சி, கொஞ்சமாத் தடவு, கனமா வச்சாப் பிதுங்கும்"னீங்க. நான் கனமாத்தான் வச்சேன். எதுக்குக் கஞ்சத்தனம்? ஒரு காரியம் செஞ்சா பலமாச் செய்யணும்ல! வச்சு, மேல அம்மிக்குழவிய ஏத்தி ரெண்டு நாள் வச்சிருந்தேன். இப்பப் பாருங்க, இழுத்தாலும் வராது. கல்லு மாதிரி இருக்கு.

பதினோராம் பக்கத்துலதான் நம்ம விஷயம் வருது. நான் தமிழ்ல சொல்றேன் கேளுங்க. "பிறந்த குழந்தைக்கு ஒழுங்கான பழக்கத்தை முதலிலேயே ஏற்படுத்த வேண்டும். ஒரு முறை பால் கொடுத்ததற்கும் மறு முறை கொடுப்பதற்கும் இடையே இருக்க வேண்டிய நேரம்," அதோட பக்கம் முடியுது. திருப்புங்க. "நாலு மணி. இரவில் கொடுக்கலாகாது. அழுதால் அழட்டும், நுரையீரலுக்கு நல்லது." பாத்தீங்களா? எவ்வளவு தெளிவு! ஒரு "தாப்பாலா" உண்டா அதுல?

ஒரே ஒரு குறை. அச்சுக்காரன் பக்க எண்ணத் தப்பாப் போட்டிருக்கான். பதினொண்ணுக்கு அப்புறம் பதினாலு. நான் கண்டுபுடிச்சுட்டேன்! லண்டன்ல பெரிய கம்பெனிதான், ஆனா எண்ணத் தெரியல. அண்ணன்கிட்ட காட்டினேன். ஊருக்கெல்லாம் புத்தி சொல்றவனுக்குப் பதினொண்ணுக்கு அப்புறம் என்ன வரும்னு தெரியல பாருன்னு சொல்லிச் சிரிச்சேன். அண்ணன் சிரிக்கல. அவன் இப்பல்லாம் எதுக்குமே சிரிக்கிறதில்ல.

இல்லக்கா, உக்காருங்க, எங்க எந்திரிக்கிறீங்க? இன்னும் ஒரு மணி நேரத்துக்கு மேல இருக்கு. படம் இருக்கு, படத்தப் பாருங்க. நாப்பதாம் பக்கத்துல ஒரு வெள்ளக்காரப் புள்ள தொட்டியில குளிக்குது, அழகா இருக்கும்.

சரி, மஞ்சளுக்கு வர்றேன். மஞ்சள் எப்ப வந்துச்சு? செவ்வாக்கிழமை. நான் பொறுப்பெடுத்தது எப்ப? புதன்கிழமை. அப்ப மஞ்சளுக்கு யாரு காரணம்? நான் வர்றதுக்கு முன்னாடி இருந்தவங்கதானே? இது சாதாரணத் தர்க்கம். இதை எங்கண்ணன் ஒத்துக்க மாட்டேங்கிறான். அவன் ஒரு காரணம் சொல்றான், வர்றவங்க போறவங்க ஒவ்வொருத்தரும் ஒண்ணு சொல்றாங்க. அண்ணி கர்ப்பமா இருக்கும்போது பரங்கிக்காய் சாப்புட்டாங்களாம், அதனாலயாம். அப்ப கத்திரிக்காய் சாப்புட்டவங்க புள்ளையெல்லாம் ஊதாவாப் பொறந்துச்சா? ஜன்னல்ல மஞ்சக் கண்ணாடி போட்டிருக்கே, அந்த வெளிச்சம்தான்னு பால்காரர் பரமசிவம் சொல்லிட்டுப் போனாரு. மாடு கட்டுற கம்போங்லருந்து தெனம் வர்றவரு, அவருக்கும் ஒரு அபிப்பிராயம்! சரி பாத்துடுவோம்னு கண்ணாடி மேல ஒரு வெள்ளத் துணியக் கட்டிப் பாத்தேன். புள்ள மஞ்சளாத்தான் இருந்தான். அதோட அந்த வாதம் முடிஞ்சுது. அப்புறம் ஒருத்தங்க கீழாநெல்லிய அரைச்சுக் கொண்டாந்து குடுத்தாங்க, ஆறு நாள் புள்ளைக்கு! நான் வாங்கி, நன்றி சொல்லி, நேராக் கொல்லையில ஊத்திட்டேன். அதுல நான் செஞ்சது சரிதானே? …தலையாட்டுறீங்க. அப்பாடா, ஒண்ணுலயாவது ஒத்துக்கிட்டீங்களே!

எல்லாத்தையும் எழுதி வச்சிருக்கேன்கா. இந்தா நோட்டு. இந்த ஊர்லயே இப்படி ஒரு நோட்டு இருக்காது. படிக்கிறேன் கேளுங்க. "புதன். பால் அஞ்சு. அழுகை ஏழு. ஈரத்துணி நாலு." "வியாழன். பால் அஞ்சு. அழுகை மூணு. ஈரத்துணி மூணு." "வெள்ளி. பால் அஞ்சு. அழுகை ஒண்ணு. ஈரத்துணி ரெண்டு." இன்னிக்குச் சனிக்கிழமை. காலையிலருந்து பால் ரெண்டு. அழுகை இல்ல. ஈரத்துணி இல்ல. பாத்தீங்களா எப்படிப் படிப்படியா ஒழுங்குக்கு வந்திருக்கான்னு? முதல் நாள் என்ன ஆர்ப்பாட்டம்! தெருவே கேட்டிருக்குமே, நீங்க கேக்கலையா? கேட்டுச்சுங்கிறீங்க, தூங்கலையா? நானும்தான் தூங்கல. அண்ணி கதவுக்கு அந்தப் பக்கம் அழுவுறாங்க, புள்ள அழுவுறான், நான் இந்தப் பக்கம் கடிகாரத்தப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கேன். உள்ள ஓடிப் போயிடலாமான்னு இருந்துச்சு. போகல. இப்பப் பாருங்க, சத்தமே இல்ல. பால் நேரத்துக்குக்கூட நாமதான் எழுப்ப வேண்டியிருக்கு. ரெண்டு இழு இழுத்துட்டு மறுபடியும் தூங்கிடுறான். பத்து நிமிஷம் ஆச்சுன்னா நான் எடுத்துப் படுக்க வச்சிடுறேன். துணி துவைக்கிற வேலைகூட இல்ல.

என்னக்கா, ஏன் அப்படிப் பாக்குறீங்க?

மஞ்சளா? அதுவும் எழுதியிருக்கேன். "செவ்வாய், மூக்கு. புதன், முகம். வியாழன், நெஞ்சு. வெள்ளி, வயிறு." இன்னிக்கு… தொடை வரைக்கும். அண்ணன் காலையில இந்த நோட்ட வாங்கிப் பாத்தான். ரொம்ப நேரம் பாத்தான். ஜேசுதாசன் மாஸ்டர்னா பசங்க நடுங்குவாங்க, இப்படி நோட்டு பாக்குறதுதான் அவனுக்குத் தொழில், நல்ல மார்க்குப் போடுவான்னு நெனச்சேன். என்ன சொன்னான் தெரியுமா? "குணம், வாதத்துல நீ ஜெயிச்சுட்ட. மஞ்சளுக்குத்தான் காது கேக்கல." அவ்வளவுதான். சட்டையப் போட்டுக்கிட்டு, ரிக்ஷா புடிச்சு டாக்டருக்குச் சொல்லப் போயிட்டான். நாலு மணிக்கு டாக்டர் வர்றாராம். பாத்துட்டு, வேணும்னா ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போயிடுவாராம்.

வரட்டுமே. நானும் நோட்டோட தயாரா இருக்கேன். எந்தக் கேள்விக்கும் என்கிட்ட பதில் இருக்கு.

…முதல் புள்ள தங்கலல்லக்கா. உங்களுக்குத் தெரியும், நீங்கதான் அன்னைக்குக் கூட இருந்தீங்க. நான் மதராஸ்ல இருந்தேன். எனக்கு மூணு வரி கடுதாசி வந்துச்சு. "பிறந்தது. தங்கவில்லை. நீ படிப்பைப் பார்." மூணே வரி. ஏன் தங்கல? எத்தனை நாள் இருந்துச்சு? என்ன குடுத்தாங்க, எப்பக் குடுத்தாங்க, யாரு பாத்தாங்க? ஒருத்தரும் எழுதல. திருப்பிக் கேட்டு எழுதினா, "ஆண்டவர் எடுத்துக்கொண்டார்"னு பதில் வருது. அது பதிலாக்கா? நான் ஆண்டவரோட வாதம் பண்ணல, ஆனா ஒரு குறிப்புகூடவா இருக்காது? அன்னைக்கே முடிவு பண்ணேன். அடுத்த புள்ளைக்கு ஒண்ணையும் தற்செயலா விடக் கூடாது. எல்லாத்தையும் எழுதணும், எல்லாத்துக்கும் ஒரு நேரம் இருக்கணும். அதான் இந்த நோட்டு, அதான் அந்தக் கடிகாரம். அண்ணியும் அந்தப் பயத்துலதான் எனக்கு அடங்கினாங்க. நான் ஒண்ணும் சும்மா ராஜ்ஜியம் பண்ணல.

ஒரு மணி அடிச்சிடுச்சு. இன்னும் ஒரே மணிதான்.

அக்கா, புஸ்தகத்த என்ன பண்றீங்க? அப்படித் தடவித் தடவிப் பாக்குறீங்க? அந்தத் தாளு மட்டும் கனமா இருக்கா? லண்டன் தாளு அப்படித்தான்… கொண்டை ஊசி எதுக்கு? ஐயோ, ஐயோ, கிழிஞ்சிடும்கா! பரிசுப் புஸ்தகம்! வேணாம், ரபியாக்கா, அது… ஆ! கிழிச்சுட்டீங்களா? குடுங்க, இங்க குடுங்க. தாள் பை பிரிக்கிற மாதிரி பிரிச்சுட்டீங்களே! உங்களுக்கு இங்கிலீஷ் படிக்கத் தெரியாதுன்னா அதுக்காகப் புஸ்தகத்த…

கிழியல.

ரெண்டு பக்கம் இருக்கு உள்ள.

பன்னெண்டு. பதிமூணு.

இருங்க. இருங்க, படிக்கிறேன். பதினொண்ணு எதுல முடிஞ்சுது? "இடையே இருக்க வேண்டிய நேரம்," சரி. பன்னெண்டு. "…பிறந்த முதல் வாரங்களில் இரண்டு மணிக்கு மேற்படலாகாது. குழந்தை கேட்டால் அதற்கு முன்னும் கொடுக்கலாம். இரவிலும் கொடுக்க வேண்டும்." இரவிலும். "மூன்றாம் நாளில் தோன்றும் மஞ்சள் நிறம் பெரும்பாலும் தானே மறையும். பால் குறைந்தால் மஞ்சள் கூடும், மஞ்சள் கூடினால் குழந்தை தூங்கும், தூங்கினால் பால் இன்னும் குறையும். அப்படித் தூங்கும் குழந்தையை ஒழுங்கான குழந்தை என்று நினைத்து ஏமாற…" ஏமாற வேண்டாம்னு போட்டிருக்கு. "உள்ளங்காலைத் தட்டி எழுப்பிப் பால் கொடுக்க வேண்டும். நாளொன்றுக்கு ஆறு துணிக்குக் குறைவாக நனைந்தால் பால் போதவில்லை என்று அறிக. தாமதியாமல் மருத்துவரை அழைக்க வேண்டும்." ஆறு துணி. நான்… நாலு, மூணு, ரெண்டு. நானே எழுதியிருக்கேன். என் கையெழுத்து.

அப்ப அந்த நாலு மணி? நாலு மணின்னு போட்டிருந்தானே? பதிமூணாம் பக்கத்துக் கடைசி வரி… "ஆறு மாதம் நிரம்பிய குழந்தைக்கு இடைவேளை"… அதுக்கு அடுத்தது பதினாலு. "நாலு மணி."

அச்சுக்காரனுக்கு எண்ணத் தெரிஞ்சிருக்குக்கா.

பசைதான். நீங்க சொன்னீங்க. கனமா வச்சாப் பிதுங்கும்னு சொன்னீங்க, நான்தான் பலமா இருக்கட்டும்னு… நாலு நாளாக்கா. நாலு நாளா அவன் அழுது அழுது கேட்டிருக்கான், நான் நுரையீரலுக்கு நல்லதுன்னு நோட்டுல எழுதிக்கிட்டு உக்காந்திருக்கேன். அண்ணி உள்ளருந்து கதவத் தட்டித் தட்டி, பால் குடுக்கட்டுமான்னு கேட்டாங்க. அந்தப் பீடான்… "குடுத்துக்கிட்டே இரு"ன்னாங்களே, அதையேதான் இந்தப் பன்னெண்டாம் பக்கமும் சொல்லுது. வெத்தலையப் போட்டுக்கிட்டு, எழுதப் படிக்கத் தெரியாம, லண்டன்காரன் சொன்னத அப்படியே சொல்லியிருக்காங்க. நான் ஆதாரம் கேட்டேன்! இப்ப என்னக்கா பண்றது? இப்பவே எழுப்பணும்ல? ரெண்டு மணி வரைக்கும் வேணாம்ல? ஏன்கா, பேச மாட்டேங்கிறீங்க? வந்ததுலருந்து உங்கள நான் பேசவே விடல, ஏதாவது சொல்லுங்க, திட்டவாவது…

ரபியாக்கா?

எங்க போனீங்க? சட்டி இங்க இருக்கு. நாற்காலியில ஆளக் காணோம். அக்கா? …கதவு தெறந்திருக்கு. என் அறிவிப்பு கீழ கெடக்கு.

யாரோ பேசுறாங்க உள்ள. உங்க கொரல்தான். தண்ணி தொட்டு… எதையோ தட்டுறீங்க. காலையா? உள்ளங்காலையா தட்டுறீங்க? அதத்தான் போட்டிருக்குக்கா, பன்னெண்டாம் பக்கத்துல, அதேதான், அப்படியே தட்டுங்க! …இன்னும் கொஞ்சம். அண்ணி, துணிய அவுத்து விடுங்க, எழுந்திரிக்கட்டும். டேய். டேய் சின்னவனே. எழுந்திரிடா. உங்கத்தை சொல்றதக் கேக்காதடா இனிமே, இது ஒண்ண மட்டும் கேளு. எழுந்திரிடா.

அழுவுறான்.

அக்கா, அழுவுறான்! மூணு நாளா இப்படி அழவே இல்ல! என்ன சத்தம், ஆண்டவரே, என்ன கோவம்! வாதம் பண்றான்கா அவன், கேளுங்க, விட மாட்டேங்கிறான், நம்ம குடும்பத்துப் புள்ளதான்! குடுங்க அண்ணி, குடுங்க. மணியா? மணிய யாரு கேட்டா! நான் கடிகாரத்தச் சுவத்துப் பக்கம் திருப்பி வச்சிடுறேன், இந்தா… திருப்பிட்டேன்.

நின்னு போச்சு. ஏன் நின்னு போச்சு? குடிக்கிறானா? …சத்தம் கேக்குது. இங்க வரைக்கும் கேக்குது, மொடக்கு மொடக்குன்னு. விடாதீங்க அண்ணி. தூங்கினா தட்டுங்க. அந்தப் பக்கம் முடிஞ்சதும் இந்தப் பக்கம் போடுங்க. டாக்டர் நாலு மணிக்கு வரட்டும், நோட்ட நானே அவர் கையில குடுத்து, நடந்ததச் சொல்லிடுறேன். ஒண்ணையும் மறைக்க மாட்டேன். பசையையும் சொல்லிடுறேன்.

ரபியாக்கா, பீடான் வீடு எங்க இருக்கு? உங்க கடைக்குப் பின்னாடி சந்துதானே? நான் போய்க் கூட்டிட்டு வர்றேன். எண்ணெய்க் குப்பிய நானே எடுத்துட்டுப் போறேன். இந்தா, எடுத்துட்டேன். அப்படியே எதிர் வீட்டுல இந்தக் குடையையும் குடுத்துட்டு, தில்லையம்பலம் ஐயாகிட்ட ஒரு வார்த்த சொல்லிட்டுப் போறேன். என்ன சொல்றதுன்னு தெரியல. வழியில யோசிச்சுக்கிறேன். பீடான்கிட்டயும் என்ன சொல்லுவேன்? அந்தம்மா "தாப்பாலா"ன்னு சொன்னா நான் அழுதுடுவேன்கா, இப்பவே சொல்லிட்டேன்.

என்னது? என்ன சொன்னீங்க உள்ளருந்து? …நனைச்சுட்டானா? உங்க சேலையிலயா? மடியிலயா? நெசமாவா? எவ்வளவு? நல்லாவா? அக்கா, தொடைக்காதீங்க, அப்படியே இருக்கட்டும், நான் பாக்கணும்! பீடான் வீட்டுக்கு அஞ்சு நிமிஷம் கழிச்சுப் போறேன். இந்தக் குடைய எங்க வைக்கிறது… சரி, கீழயே கெடக்கட்டும்.

அக்கா… நான் உள்ள வரலாமா?